காரில் எஸ்ஓஎஸ் விளக்கு சிவப்பாகவே நிற்கிறதா? பெட்டியை மாற்றச் சம்மதிப்பதற்கு முன் இதைப் படியுங்கள்

ஐரோப்பாவில் கார் வைத்திருக்கும் நம்மவர்கள் பலர் இப்போது கேட்கும் கேள்வி இது: "எஸ்ஓஎஸ் கோளாறு என்று டேஷ்போர்டில் செய்தி வருகிறது, வண்டி நன்றாகத்தான் ஓடுகிறது, அப்படியே விட்டுவிடலாமா?" விடாதீர்கள். வண்டி ஓடுவதற்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை என்பது உண்மைதான், ஆனால் இரவில் ஆளில்லாத சாலையில் மரத்தில் மோதி நினைவில்லாமல் கிடக்கும் ஒருவருக்காக யாராவது ஃபோன் செய்ய வேண்டும் என்றால், அதைச் செய்யக்கூடிய ஒரே ஆள் எஸ்ஓஎஸ் பட்டனோடு இணைந்த, விபத்து நடந்தால் தானாக உதவியை அழைக்கும் அந்தச் சின்னக் கம்ப்யூட்டர் பெட்டிதான். அதே நேரம், வொர்க்ஷாப்பில் முதல் வார்த்தையாக "முழுப் பெட்டியையும் மாற்ற வேண்டும், பல நூறு யூரோ ஆகும்" என்று சொன்னால் உடனே தலையாட்டவும் வேண்டாம். பெரும்பாலும் கோளாறு பெட்டியில் இருப்பதில்லை, அதைச் சுற்றி இருக்கும் மலிவான பொருள் ஒன்றில்தான் இருக்கும்.

முதலில் இது எப்படி வேலை செய்கிறது என்று பார்த்துவிடுவோம், அது தெரிந்தால்தான் எங்கே தேடுவது என்று புரியும். 2018 மார்ச் 31 முதல் ஐரோப்பிய ஒன்றியத்தில் புதிதாக ஒப்புதல் பெறும் கார் மாடல்களில் ஈ-கால், அதாவது விபத்து நடந்தால் கார் தானாகவே அவசர உதவியை அழைக்கும் இந்த வசதி, கட்டாயம். அதற்கு முன்பே ஒப்புதல் வாங்கிய மாடல் என்றால், 2019இல் வாங்கிய காரிலும் இது இல்லாமல் இருக்கலாம். மோதல் நடந்ததும் ஏர்பேக் கம்ப்யூட்டர் இந்தப் பெட்டிக்குத் தகவல் கொடுக்கும், பெட்டி ஐரோப்பாவின் அவசர உதவி எண்ணான 112ஐ அழைக்கும், அழைப்பு கிடைத்ததும் 140 பைட்டுக்குள் அடங்கும் ஒரு சின்னத் தகவல் தொகுப்பை அனுப்பும். அதில் காரின் அடையாள எண், எரிபொருள் என்ன, நேரம், இடம், எந்தத் திசையில் போய்க்கொண்டிருந்தது, அழைப்பு தானாக வந்ததா பட்டனை அழுத்தி வந்ததா என்பதெல்லாம் இருக்கும். இடத்தை நம்பலாமா வேண்டாமா என்று சொல்லும் ஒரு குறிகூட உண்டு. அதற்குப் பிறகுதான் மீட்பு மையத்தில் இருப்பவர் காருக்குள் பேசுவார். சில நிறுவனங்களின் கார்களில் அழைப்பு முதலில் அவர்களுடைய சொந்த மையத்துக்குப் போய், அங்கிருந்து 112க்கு மாற்றப்படும்.

ஆக, சங்கிலியில் இருப்பவை இவை: பெட்டி, அதற்கென்று தனியாக ஒரு குட்டி பேட்டரி, மைக், ஸ்பீக்கர், பட்டன், ஆன்டெனா, ஏர்பேக் கம்ப்யூட்டரிலிருந்து வரும் இணைப்பு. இக்னிஷன் போட்டதும் பெட்டி இவை எல்லாவற்றையும் ஒரு முறை சோதித்துப் பார்க்கும். விளக்கு சில விநாடி எரிந்து, பிறகு பச்சையாக மாறினாலோ அணைந்தாலோ சரி (எது என்பது காருக்குக் கார் மாறும், கையேட்டில் இருக்கும்). சிவப்பாகவே நின்றால், அல்லது டேஷ்போர்டில் கோளாறுச் செய்தி மறையாவிட்டால், ஏதோ ஒன்று சோதனையில் தோற்றுவிட்டது என்று அர்த்தம்.

ஒரு விஷயம், இதை எத்தனை முறை சொன்னாலும் தகும்: பட்டனை அழுத்தி "வேலை செய்கிறதா" என்று சோதிக்காதீர்கள். உண்மையிலேயே உயிருக்குப் போராடும் ஒருவரின் அழைப்பு காத்திருக்கும்போது உங்கள் அழைப்பு அந்த இடத்தைப் பிடித்துக்கொள்ளும். குழந்தை தெரியாமல் அழுத்திவிட்டால்கூட, அழைப்பு போய்விட்டது என்றால் காரை அணைத்துவிட்டு ஓடாமல், எதிர்முனையில் பேசுபவரிடம் "தவறுதலாக அழுத்திவிட்டோம், எல்லோரும் நலம்" என்று சொல்லி முடியுங்கள். சொல்லாவிட்டால் அவர்கள் உங்களைத் தேடி வண்டி அனுப்பக்கூடும்.

சரி, வேலைக்கு வருவோம். முதலில் பெரிய பேட்டரி, அதாவது 12 வோல்ட் பேட்டரி. இரவு முழுக்க நின்ற காரில் மல்டிமீட்டரை வைத்துப் பாருங்கள். 12.6 வோல்ட் அளவில் இருந்தால் நல்லது, 12.2க்குக் கீழே போயிருந்தால் அது பாதிதான் நிறைந்திருக்கிறது. பேட்டரி தளர்ந்த காரில் ஸ்டார்ட் செய்யும் அந்தக் கணத்தில் வோல்டேஜ் தொப்பென்று விழும், அப்போது எஸ்ஓஎஸ் பெட்டி உட்படப் பல கம்ப்யூட்டர்கள் தவறான கோளாறுகளைப் பதிந்துவிடும். சிறு தூரம் மட்டுமே ஓடும் நகரத்துக் கார்களில் இது சகஜம். நன்றாக சார்ஜ் செய்துவிட்டு, திறந்த வெளியில் ஒரு அரை மணி நேரம் ஓட்டிப் பாருங்கள். அண்மையில் பேட்டரியைக் கழற்றி மாட்டியிருந்தாலும் இதே வைத்தியம்தான், பெட்டி மறுபடியும் செயற்கைக்கோள்களைப் பிடித்து இடம் அறிய வேண்டும். பல அடுக்கு நிலத்தடி பார்க்கிங்கில் நின்றுகொண்டு விளக்கு போகவில்லையே என்று கவலைப்படாதீர்கள்.

அப்புறம் ஃபியூஸ். கையேட்டில் டெலிமாட்டிக்ஸ் அல்லது எமர்ஜென்சி கால் என்று போட்டிருக்கும் ஃபியூஸைக் கழற்றிப் பாருங்கள். எரிந்திருந்தால் அதே ஆம்பியரில் இன்னொன்று போடுங்கள். அதுவும் எரிந்தால் எங்கோ ஷார்ட் இருக்கிறது, பெரிய ஃபியூஸ் போட்டு ஏமாற்றக் கூடாது. பழைய கார் வாங்கியவர்கள் கவனிக்க: "கார் என்னை உளவு பார்க்கிறது" என்ற பயத்தில் முந்தைய உரிமையாளர் ஃபியூஸையே எடுத்து வைத்திருப்பதும் உண்டு. 112ஐ நேரடியாக அழைக்கும் ஈ-காலுக்கு அந்தப் பயம் தேவையில்லை, அழைப்பு போகும் நேரம் வரை அது நெட்வொர்க்கில் பதிவே செய்துகொள்ளாது.

இதற்கு மேல் ஊகத்தில் போகாதீர்கள், கோளாறுக் குறியீட்டைப் படிக்க வேண்டும். இருபது யூரோ ப்ளூடூத் ஓபிடி கருவி பெரும்பாலும் எஞ்சினை மட்டும்தான் படிக்கும், எஸ்ஓஎஸ் பெட்டியைத் தொடவே தொடாது, "கோளாறு எதுவும் இல்லை" என்று காட்டிவிடும். அதை நம்பாதீர்கள். எல்லா கம்ப்யூட்டரையும் திறந்து படிக்கும் கருவி வேண்டும். ஃபோக்ஸ்வாகன் குழுமக் கார் என்றால் விசிடிஎஸ் அல்லது ஓபிடிலெவனில் 75 என்ற முகவரியில் அவசர அழைப்புப் பெட்டி இருக்கும், ஃபோர்டுக்கு ஃபோர்ஸ்கேன். வொர்க்ஷாப்பில் படிக்கக் கொடுத்தால் குறியீட்டையும் அதன் விளக்கத்தையும் காகிதத்தில் கேட்டு வாங்குங்கள். "பேக்கப் பேட்டரி", "மைக்ரோஃபோன் சர்க்யூட் ஓப்பன்", "ஆன்டெனா ஷார்ட்" என்று அது பெரும்பாலும் நேராகவே சொல்லிவிடும். யு0198 என்று வந்தால் மற்ற கம்ப்யூட்டர்களுக்குப் பெட்டியோடு பேச்சே இல்லை என்று பொருள், அப்போது பெட்டிக்கு மின்சாரம் போகிறதா, தரை இணைப்பு சரியா, கனெக்டர் உட்கார்ந்திருக்கிறதா என்று பாருங்கள்.

வயதான கார்களில் முதலில் சந்தேகப்பட வேண்டியது பேக்கப் பேட்டரியைத்தான். விபத்தில் முன்பக்கம் நசுங்கி 12 வோல்ட் பேட்டரி துண்டாகிப் போனாலும் அழைப்பு போக வேண்டும், அதற்குப் பிறகு ஒரு மணி நேரம் வரை மீட்பு மையம் திரும்ப அழைத்தால் எடுக்கவும் வேண்டும் என்பதற்காகத்தான் அந்தக் குட்டி பேட்டரி. அதற்கு ஆயுள் சில வருடங்கள்தான், 2018, 2019 கார்களுக்கு அந்த வயது வந்துவிட்டது. தளர்ந்த பேட்டரியின் உள்தடை குளிரில் இன்னும் ஏறும், அதனால் ஜனவரி காலையில் கோளாறு வந்து, கார் சூடானதும் மறைந்து, மறுநாள் காலை மறுபடி வந்தால், இதைத்தான் முதலில் சந்தேகப்பட வேண்டும். "தானாகச் சரியாகிவிட்டது" என்று விட்டுவிடுபவர்கள் அதிகம், வெயில் காலத்தில் அது வராமல் இருக்கலாம், ஆனால் அடுத்த குளிரில் திரும்ப வரும்.

எங்கே இருக்கும் என்பது காரைப் பொறுத்தது: க்ளோவ் பாக்ஸுக்குப் பின்னால், சீட்டுக்கு அடியில், டிக்கியின் பக்கவாட்டுத் தட்டிக்குள், சிலவற்றில் பெட்டிக்குள்ளேயே. பல கார்களில் இரண்டு மூன்று செல்களைச் சேர்த்துச் சுற்றிய ஒரு சிறு கட்டு, ஒரு வயர், ஒரு கனெக்டர், அவ்வளவுதான். எடுத்ததும் மேலே உள்ள பிளாஸ்டிக் உறை தளர்வாக இருக்கிறதா இறுக்கமாக இருக்கிறதா என்று தடவிப் பாருங்கள். நடுவில் உப்பி, விளிம்பு வளைந்திருந்தால் யோசிக்கவே வேண்டாம், மாற்றுங்கள், உப்பிய லித்தியம் பேட்டரியைக் குத்தவோ குப்பையில் போடவோ கூடாது. கழற்றுவதற்கு முன் 12 வோல்ட் பேட்டரியின் மைனஸைக் கழற்றிவிட்டுச் சில நிமிடம் காத்திருங்கள். சீட்டுக்கு அடியிலும் டேஷ்போர்டுக்குள்ளும் மஞ்சள் நிறக் கனெக்டர் தெரிந்தால் அது ஏர்பேக், அதைக் கழற்றாதீர்கள், மல்டிமீட்டர் முனையை அதில் வைக்கவே வைக்காதீர்கள்.

புதியது வாங்கும்போது காரின் அடையாள எண்ணைச் சொல்லி, சரியான பாகத்தையே வாங்குங்கள். ஃபோன் பேட்டரியை ஒட்டவைத்தும், மலிவான செல்லை சால்டர் செய்தும் வேலையை முடிப்பவர்களைப் பார்த்திருக்கிறேன், வெயிலில் 60 டிகிரிக்கு மேல் கொதிக்கும் டேஷ்போர்டுக்குள் அப்படி ஒன்றை வைத்துக் குடும்பத்தை ஏற்றிச் செல்வது சரியல்ல. மாற்றிய பிறகும் விளக்கு போகாவிட்டால் பதற வேண்டாம், சில கார்களில் பழைய பேட்டரியின் வயதுக் கணக்கை ஸ்கேனர் வழியாக அழிக்க வேண்டியிருக்கும்.

அடுத்து மைக். இது பெரும்பாலும் மேலே, உள்விளக்கும் எஸ்ஓஎஸ் பட்டனும் இருக்கும் அந்தத் தொகுப்புக்குள் இருக்கும். சுலபமான சோதனை ஒன்று: பல கார்களில் ப்ளூடூத் அழைப்புக்கும் இதே மைக்தான், வீட்டில் யாரையாவது அழைத்துப் பேசுங்கள். அவர்களுக்குத் தெளிவாகக் கேட்டால் மைக் நலம் என்று பெரும்பாலும் நம்பலாம். கேட்காவிட்டால் பிளாஸ்டிக் நெம்புகோலால் விளக்குக் கண்ணாடியை மெதுவாக எடுத்து, டார்ச் அடித்து உள்ளே பாருங்கள். கூரைத் துணியில் தேநீர் நிறத்தில் ஒரு கறை, கனெக்டரின் பின்களில் பச்சைப் பொடி, இது இரண்டும் தெரிந்தால் தண்ணீர் இறங்கியிருக்கிறது. சன்ரூஃப் உள்ள காரில் அதன் மூலைகளிலிருந்து தூண் வழியாகக் கீழே போகும் குழாய் இலைதழை அடைத்துப் போயிருக்கும். சன்ரூஃபைத் திறந்து மூலையில் அரை டம்ளர் தண்ணீரை மெதுவாக ஊற்றுங்கள், சற்று நேரத்தில் காருக்கு அடியில் சொட்ட வேண்டும். சொட்டாமல் மூலையிலேயே தேங்கினால் முதலில் அந்த அடைப்பை எடுங்கள், அதைச் செய்யாமல் மைக்கை மட்டும் மாற்றினால் அடுத்த மழையில் புது மைக்கும் போகும். பின்களைக் கான்டாக்ட் க்ளீனர் தெளித்துச் சுத்தம் செய்து, நன்றாக உலரவிட்டு மாட்டுங்கள்.

ஸ்பீக்கர் விஷயம் எளிது. சில கார்களில் ரேடியோ செத்தாலும் வேலை செய்யட்டும் என்று எஸ்ஓஎஸுக்குத் தனி ஸ்பீக்கர் இருக்கும். கனெக்டரைக் கழற்றி இரண்டு முனைக்கும் இடையே அளந்தால் 4 அல்லது 8 ஓமுக்குப் பக்கத்தில் காட்ட வேண்டும், முடிவிலி காட்டினால் சுருள் அறுந்துவிட்டது.

ஆன்டெனா கோளாறு என்று வந்தால், அண்மையில் அந்தக் காருக்கு என்ன வேலை நடந்தது என்று யோசியுங்கள். கூரைத் துணியை இறக்கினார்களா, பின்பக்கம் இடிபட்டுப் பழுதுபார்த்தார்களா, கூரையில் உள்ள சுறாத்துடுப்பு வடிவ ஆன்டெனாவை மாற்றினார்களா? கேபிள் சரியாக க்ளிக் ஆகாமல் தொங்கிக்கொண்டிருப்பது அடிக்கடி நடக்கும் விஷயம். ஃபக்ரா எனப்படும் அந்தக் கனெக்டர்களில் வழக்கமாக நீலம் ஜிபிஎஸ், கருஞ்சிவப்பு மொபைல் நெட்வொர்க். நீலக் கேபிளை ஆன்டெனா பக்கம் கழற்றி, பெட்டியிலிருந்து வரும் முனையில் நடுப் பின்னுக்கும் உறைக்கும் இடையே அளந்தால் 3 முதல் 5 வோல்ட் வர வேண்டும். வந்தால் கேபிள் நலம், ஆன்டெனாவைப் பாருங்கள். வராவிட்டால் கேபிள் அறுந்திருக்கிறது, அல்லது பெட்டி அனுப்பவில்லை. அறுந்த கேபிளை முறுக்கி டேப் சுற்றுவது இங்கே உதவாது, முழுக் கேபிளையும் மாற்ற வேண்டும்.

ஏர்பேக் விளக்கும் சேர்ந்து எரிந்தால் அதை முதலில் சரிசெய்யுங்கள், தெரிந்த மெக்கானிக்கிடமே கொடுங்கள். அந்த இணைப்பு இல்லாமல் எஸ்ஓஎஸ் தானாக அழைக்காது.

இவ்வளவும் நன்றாக இருந்தால் மென்பொருளைச் சந்தேகிக்கலாம். இது சாதாரண விஷயமல்ல: 2020 மே மாதத்தில் ஃபோக்ஸ்வாகன் புது கோல்ஃப் 8 கார்களை ஒப்படைப்பதையே இந்த அவசர அழைப்பு மென்பொருள் சிக்கலால் கொஞ்ச காலம் நிறுத்தி வைத்தது. 2021 தொடக்கத்தில் மெர்சிடிஸ் அமெரிக்காவில் சுமார் 13 லட்சம் கார்களைத் திரும்ப அழைத்தது, மோதலில் மின்சாரம் ஒரு கணம் தடைபட்டால் தவறான இடத்தை அனுப்பக்கூடும் என்பதுதான் காரணம். ஆகவே காரின் அடையாள எண்ணைக் கொடுத்து, ரீகால் ஏதும் பாக்கி இருக்கிறதா, புது மென்பொருள் வந்திருக்கிறதா என்று அதிகாரபூர்வ டீலரிடம் கேளுங்கள். ரீகால் என்றால் காசு கொடுக்க வேண்டியதில்லை.

கடைசியில்தான் பெட்டி. ஸ்கிராப் யார்டில் மலிவாகக் கிடைக்கிறதே என்று வாங்கி மாட்டாதீர்கள். அதில் வேறொரு காரின் அடையாள எண் இருக்கும், பல கார்களில் கோடிங் (பெட்டியை அந்தக் காருக்கு ஏற்ப மென்பொருளில் அமைப்பது) செய்யாமல் வேலையே செய்யாது, வேலை செய்தாலும் மீட்புக் குழுவுக்கு வேறொரு காரைப் பற்றிய தகவல் போகும். எலெக்ட்ரிக் கார் தீப்பிடித்திருக்க, வருபவர்களுக்கு டீசல் கார் என்று தகவல் போனால் என்ன ஆகும் என்று நினைத்துப் பாருங்கள்.

பச்சை விளக்கு வந்துவிட்டால் எல்லாம் முடிந்தது என்றும் நினைக்க வேண்டாம். அது பெட்டியும் அதன் பாகங்களும் நலம் என்று மட்டும்தான் சொல்கிறது, வெளியே நெட்வொர்க் இருக்கிறதா என்று சொல்லாது. இதுவரை வந்த ஈ-கால் பெட்டிகள் பெரும்பாலும் 2ஜி, 3ஜியை நம்பியவை. ஜெர்மனியில் 3ஜியை 2021இலேயே மூடிவிட்டார்கள், 2ஜியை 2028 நடுவில் நிறுத்துவதாக டாய்ச்ச டெலிகாம் நிறுவனம் அறிவித்திருக்கிறது. 4ஜி, 5ஜியில் பேசும் புது ஈ-கால் ஐரோப்பாவில் 2026 முதல் புது மாடல்களுக்குக் கட்டாயம். கார் வாங்கப் போகிறவர்கள் இந்தப் பெட்டி எந்த நெட்வொர்க்கில் பேசும் என்று விற்பவரிடம் கட்டாயம் கேளுங்கள்.

பழுது தீரும்வரை ஃபோனைத் தயாராக வைத்துக்கொள்ளுங்கள். 112ஐ அழைக்கும்போது ஐஃபோனும் ஆண்ட்ராய்டும் உங்கள் இடத்தைத் தானாக அனுப்பும் வசதி ஐரோப்பிய நாடுகள் பெரும்பாலானவற்றில் உண்டு. ஐஃபோன் 14இலும் அதற்குப் பிந்தியவற்றிலும் பல பிக்சல் ஃபோன்களிலும் மோதலைக் கண்டறியும் வசதி இருக்கிறது, பிக்சலில் அதை நீங்களேதான் ஆன் செய்ய வேண்டும். ஃபோன் மடியில் இருந்தால் மோதலில் எங்கோ பறந்துவிடும், ஹோல்டரில் இறுக்கமாக மாட்டி வையுங்கள்.

வேலை முடிந்ததும் குறியீடுகளை அழித்துவிட்டு, காரைப் பூட்டி, ஒரு இரவு தூங்க விட்டு, காலையில் திறந்த வெளியில் ஸ்டார்ட் செய்து விளக்கைப் பாருங்கள். மறுபடி படித்துப் பார்த்து எந்தக் குறியீடும் இல்லாவிட்டால் அந்த அறிக்கையைக் காரின் காகிதங்களோடு வையுங்கள், வாகனப் பரிசோதனையில் பார்க்கும் விஷயங்களில் ஈ-காலையும் ஐரோப்பிய ஒன்றியம் 2021இல் சேர்த்துவிட்டது, அங்கே கேட்டால் காட்டலாம்.