ஐரோப்பிய ஒன்றியச் சட்டம் பயில்வோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

இந்திய அரசமைப்புச் சட்டத்தை நன்கு படித்துவிட்டு ஐரோப்பிய ஒன்றியச் சட்டத்துக்கு வரும் மாணவர் செய்யும் தவறுகளில் பெரும்பாலானவை அறியாமையால் வருவன அல்ல. ஏற்கெனவே அறிந்ததை இங்கும் பொருத்திப் பார்ப்பதால் வருவன. மத்திய அரசு, மாநில அரசு, பொதுப் பட்டியல், உச்ச நீதிமன்றம் என்ற அமைப்பு மனத்தில் ஊறியிருக்கும்போது, பிரஸ்ஸல்ஸை டெல்லியாகவும், 27 உறுப்பு நாடுகளை மாநிலங்களாகவும், லக்ஸம்பர்க்கில் உள்ள ஒன்றிய நீதிமன்றத்தை உச்ச நீதிமன்றமாகவும் எண்ணிக்கொள்வது இயல்பு. அந்த எண்ணம் முதல் சில நாட்களில் உதவுவதுபோல் தோன்றும். பிறகு எழுதும் ஒவ்வொரு விடையையும் கெடுக்கும். ஒன்றியம் ஓர் அரசு அன்று. உறுப்பு நாடுகள் உடன்படிக்கைகளின் வழியாக அளித்த அதிகாரம் மட்டுமே அதற்கு உண்டு. ஆகவே இங்கே எந்தச் சிக்கலை எடுத்தாலும் யார், யாருக்கு எதிராக, எந்த வகைச் சட்டத்தை வைத்து, எந்த நீதிமன்றத்தில் என்று கேட்டுக்கொண்ட பிறகே விதியைத் தேட வேண்டும்.

எந்த நீதிமன்றம், எந்தக் கவுன்சில்

மிக எளிதாகத் தவிர்க்கக்கூடியதும், ஆனாலும் ஓயாமல் நிகழ்வதுமான தவறு, ஸ்ட்ராஸ்பர்க்கில் உள்ள ஐரோப்பிய மனித உரிமைகள் நீதிமன்றத்தை ஒன்றியத்தின் நீதிமன்றமாகக் கருதுவது. அது 1949இல் உருவான கவுன்சில் ஆஃப் யூரோப் என்ற வேறோர் அமைப்பைச் சேர்ந்தது. அந்த அமைப்பில் துருக்கி, ஸ்விட்சர்லாந்து, பிரிட்டன் உட்பட 46 நாடுகள் உள்ளன. ஒன்றிய உறுப்பு நாடுகளின் தலைவர்கள் கூடும் யூரோப்பியன் கவுன்சில் வேறு. அமைச்சர்கள் கூடிச் சட்டம் இயற்றும் கவுன்சில் வேறு. இவை போதாவென்று, பன்னிரண்டு விண்மீன்கள் கொண்ட ஒரே கொடியை ஒன்றியமும் கவுன்சில் ஆஃப் யூரோப்பும் பயன்படுத்துகின்றன. ஒன்றியத்தின் நாடாளுமன்றமும் ஸ்ட்ராஸ்பர்க்கிலேயே கூடுகிறது. ஸ்ட்ராஸ்பர்க் நீதிமன்றத்துக்கு அடிப்படையான ஐரோப்பிய மனித உரிமைகள் சாசனத்தில் ஒன்றியமும் ஓர் உறுப்பினராகச் சேர வேண்டும் என்று லிஸ்பன் உடன்படிக்கை கூறியபோதிலும், அதற்கான வரைவு ஒப்பந்தம் ஒன்றியச் சட்டத்துக்கு ஒவ்வாதது என்று 2014 டிசம்பரில் லக்ஸம்பர்க் நீதிமன்றமே கருத்துரைத்தது. ஒரு தீர்ப்பை மேற்கோள் காட்டும் முன், அது எந்த ஊரிலிருந்து வந்தது என்று பார்த்துக்கொள்வது நல்லது.

மேல்முறையீடு என்று எண்ணுவது

ஒன்றியத்தின் செயற்பாடு பற்றிய உடன்படிக்கையின் 267ஆம் பிரிவின்படி, உறுப்பு நாட்டு நீதிமன்றம் ஒன்று தன் முன் உள்ள வழக்கில் ஒன்றியச் சட்டத்தின் பொருள் குறித்து ஐயம் எழுந்தால், வழக்கை நிறுத்திவைத்துவிட்டு லக்ஸம்பர்க்குக்குக் கேள்வி அனுப்பலாம். இறுதி நிலை நீதிமன்றமாக இருந்தால், சில விலக்குகள் நீங்கலாக, அனுப்பியே ஆக வேண்டும். இதை மேல்முறையீடு என்று எழுதுவது அடிப்படைப் பிழை. கேள்வி அனுப்புவது நீதிமன்றம். வழக்காடுபவருக்கு அங்கே செல்லும் உரிமை இல்லை. லக்ஸம்பர்க் நீதிமன்றம் சட்டத்தின் பொருளைச் சொல்லி அனுப்பும். யார் வென்றார் என்பதை உள்நாட்டு நீதிமன்றமே முடிவு செய்யும்.

1964இல் தீர்க்கப்பட்ட கோஸ்டா எதிர் எனெல் வழக்கை இந்தக் கண்ணோடு படித்துப் பாருங்கள். இத்தாலி மின் துறையை நாட்டுடைமையாக்கியதை எதிர்த்த ஃபிளாமினியோ கோஸ்டா என்ற வழக்கறிஞர் 1,925 லிரா மின் கட்டணத்தைக் கட்ட மறுத்தார். அந்தச் சிறு தொகைக்கான வழக்கை விசாரித்த மிலான் நகரத்துச் சிறு நீதிமன்றம் அனுப்பிய கேள்விக்கு விடையாகவே, ஒன்றியச் சட்டம் உள்நாட்டுச் சட்டத்துக்கு மேலானது என்ற கோட்பாடு பிறந்தது. ரோமில் இருந்த அரசமைப்பு நீதிமன்றம் அதே நாட்டுடைமைச் சட்டத்தைக் குறித்து அதற்குச் சில மாதங்களுக்கு முன்பே வேறுவிதமாகச் சொல்லியிருந்தது. கீழ்நிலை நீதிபதி ஒருவர், தம் நாட்டின் உயர்ந்த நீதிமன்றத்தைத் தாண்டி, ஒன்றிய நீதிமன்றத்தோடு நேரடியாகப் பேச முடிந்தது என்பதுதான் இந்த முறையின் உயிர்நாடி. மேல்முறையீடு என்று எழுதும் மாணவர் அதைத்தான் தவறவிடுகிறார்.

இதோடு ஒட்டிய இன்னொரு பிழை, லக்ஸம்பர்க் நீதிமன்றம் உள்நாட்டுச் சட்டத்தைச் செல்லாது என்று அறிவிக்கும் என்பது. அதற்கு அந்த அதிகாரம் இல்லை. 1978இல் சிம்மெந்தால் தீர்ப்பு கூறியதெல்லாம், முரண்படும் உள்நாட்டு விதியை அந்த வழக்கில் நீதிபதி பொருத்தாமல் விட்டுவிட வேண்டும் என்பதே. சட்டம் ஏட்டில் இருக்கும். அந்த வழக்கில் பயன்படாது. ஒன்றியச் சட்டத்தையே செல்லாது என்று அறிவிக்கும் அதிகாரமோ, ஃபோட்டோ ஃப்ராஸ்ட் தீர்ப்பின்படி, லக்ஸம்பர்க்குக்கு மட்டுமே உண்டு.

ஒன்றியச் சட்டமே மேலானது என்ற இந்த முதன்மைக் கோட்பாட்டை முடிந்துபோன விவாதமாக எழுதுவதும் சரியன்று. உடன்படிக்கைகளின் பிரிவுகளில் அது இல்லை. லிஸ்பன் உடன்படிக்கையோடு இணைந்த 17ஆம் அறிவிப்பில் மட்டுமே இடம்பெறுகிறது. ஜெர்மானிய அரசமைப்பு நீதிமன்றம் 1974இலும் 1986இலும் அடிப்படை உரிமைகளை முன்வைத்து இதற்கு நிபந்தனை விதித்தது. 2020 மே 5 அன்று, ஐரோப்பிய மத்திய வங்கியின் கடன்பத்திரக் கொள்முதல் தொடர்பாக லக்ஸம்பர்க் அளித்த தீர்ப்பே அதிகார வரம்பை மீறியது என்று சொல்லும் அளவுக்குச் சென்றது. கோஸ்டாவை மட்டும் எழுதி முடிக்கும் விடை, ஒரு தரப்பின் வாதத்தைத் தீர்ப்பாக எழுதிய விடை.

டைரெக்டிவ் என்னும் கண்ணி

பெரும்பாலான மதிப்பெண்கள் போகும் இடம் இதுதான். ஆகவே சற்று நின்று பார்ப்போம். ரெகுலேஷன் என்பது நடைமுறைக்கு வந்தவுடன் எல்லா உறுப்பு நாடுகளிலும் தானாகவே சட்டமாகும். உள்நாட்டு நாடாளுமன்றம் அதை மீண்டும் இயற்ற வேண்டியதில்லை. 2018 மே 25 முதல் பொருந்தும் தனிநபர் தரவுப் பாதுகாப்பு ரெகுலேஷன் இதற்குத் தெரிந்த எடுத்துக்காட்டு. டைரெக்டிவ் எட்ட வேண்டிய இலக்கையும் கெடுவையும் மட்டுமே விதிக்கிறது. அதை எப்படிச் சட்டமாக்குவது என்பது ஒவ்வொரு நாட்டின் பொறுப்பு. தானாகவே சட்டமாவது ஒன்று. அந்தச் சட்டத்தின் ஒரு விதி போதிய தெளிவோடு இருப்பதால் தனிமனிதர் அதை நீதிமன்றத்தில் காட்டி உரிமை கோர முடிவது வேறொன்று. முதலாவது சட்டத்தின் வகையைப் பற்றியது. இரண்டாவது, நேரடி விளைவு எனப்படுவது, குறிப்பிட்ட விதியைப் பற்றியது. 1963இல் வான் கெண்ட் என் லோஸ் வழக்கில் சுங்க வரி 3 சதவீதத்திலிருந்து 8 சதவீதமாக உயர்ந்தபோது டச்சு நிறுவனம் ஒன்று காட்டியது உடன்படிக்கையின் ஒரு பிரிவை, டைரெக்டிவை அன்று.

நாடு டைரெக்டிவைக் கெடுவுக்குள் சட்டமாக்காவிட்டால் என்ன ஆகும்? அரசுக்கு எதிராகத் தனிமனிதர் அதைக் காட்டலாம் என்பது வான் டுய்ன், ரட்டி வழக்குகளிலிருந்து தெரியும். பல மாணவர்கள் இத்தோடு நிறுத்திக்கொண்டு, எதிரே நிற்பவர் யார் என்று பார்ப்பதில்லை. இங்கிலாந்தில் பொதுச் சுகாதார அமைப்பு ஒன்றில் பணிபுரிந்த செல்வி மார்ஷல், ஆண்கள் 65 வயதுவரை பணியில் இருக்க முடிந்த நிலையில், 62 வயதில் பணியிலிருந்து விலக்கப்பட்டார். 1986இல் அவர் வென்றதற்குக் காரணம், பணியமர்த்தியது அரசின் ஓர் அங்கம் என்பதே. தனியார் மருத்துவமனையாக இருந்திருந்தால் அதே டைரெக்டிவை வைத்து அவர் வென்றிருக்க முடியாது.

ஃபச்சினி டோரி வழக்கு இதன் மறுபக்கம். மிலான் மைய ரயில் நிலையத்தில் ஒரு பெண்ணிடம் அஞ்சல் வழி ஆங்கிலப் பாடத்திட்டத்துக்கான ஒப்பந்தத்தில் கையெழுத்து வாங்கினார்கள். சில நாட்களில் அவர் மனம் மாறி, வேண்டாம் என்று கடிதம் எழுதினார். கடைக்கு வெளியே செய்துகொண்ட ஒப்பந்தத்தை ஏழு நாட்களுக்குள் கைவிடும் உரிமையை ஒரு டைரெக்டிவ் அளித்திருந்தது. ஆனால் இத்தாலி அதை அப்போது சட்டமாக்கியிருக்கவில்லை. எதிரே நின்றது தனியார் நிறுவனம் என்பதால், டைரெக்டிவை நேரடியாகக் காட்ட முடியாது என்று 1994இல் நீதிமன்றம் உறுதியாகச் சொன்னது. தீர்ப்புக்கு முன் நீதிமன்றத்துக்குக் கருத்துரை தரும் அட்வகேட் ஜெனரல் இதற்கு நேர்மாறான கருத்தைத்தான் முன்வைத்திருந்தார், நீதிமன்றம் ஏற்கவில்லை. நியாயம் அவர் பக்கம் இருந்தது என்பது என் எண்ணம்; ஆனால் தேர்வில் எழுத வேண்டியது நீதிமன்றம் சொன்னதை.

ஆனால் அங்கேயே முடித்துவிடுவதும் தவறுதான். உள்நாட்டுச் சட்டத்தை இயன்றவரை டைரெக்டிவுக்கு இசைவாகப் பொருள்கொள்ள வேண்டும் என்பது 1990இன் மார்லீசிங் வழி. அதுவும் கைகொடுக்காவிட்டால், சட்டமாக்கத் தவறிய நாட்டிடமே இழப்பீடு கோரலாம் என்பது 1991இன் ஃபிராங்கோவிச் வழி. எதிரே தனியார் என்றவுடன் பேனாவை மூடிவைப்பவர், கட்சிக்காரருக்கு எஞ்சியிருந்த இரண்டு வழிகளையும் சேர்த்தே மூடிவிடுகிறார். இழப்பீட்டுக்கு மீறல் போதிய அளவு கடுமையானதாக இருக்க வேண்டும் என்று 1996இல் பிராசரி து பெஷூர் தீர்ப்பு விளக்கியதையும் சேர்த்துப் படிக்க வேண்டும். இன்னொரு செய்தி: ஃபிராங்கோவிச்சின் பெயரால் கோட்பாடு நிலைத்தது, ஆனால் நொடித்த நிறுவனங்களின் தொழிலாளரைக் காக்க வந்த அந்த டைரெக்டிவ் அவருடைய நிறுவனத்தின் நிலைமையைக் காக்கவில்லை என்பது பின்னர் தெரியவந்து, அவருக்குப் பயன் கிட்டவில்லை.

அதிகாரமும் பாதி மேற்கோளும்

நல்ல நோக்கம் இருந்தால் ஒன்றியம் எதைப் பற்றியும் சட்டம் இயற்றலாம் என்ற எண்ணத்தை 2000 அக்டோபரில் வந்த புகையிலை விளம்பரத் தீர்ப்பு உடைத்தது. பொதுச் சந்தையைச் சீர்செய்வது என்ற பெயரில், உணவகங்களில் உள்ள சாம்பல் கிண்ணங்கள், நிழற்குடைகள் ஆகியவற்றில்கூட விளம்பரத்தைத் தடுத்த டைரெக்டிவை நீதிமன்றம் நீக்கியது. சாம்பல் கிண்ணத்துக்கும் நாடுகளிடையே நடக்கும் வணிகத்துக்கும் என்ன தொடர்பு என்பதே கேள்வி. குறுக்கிய வடிவில் 2003இல் வந்த டைரெக்டிவ் நிலைத்து நின்றது. ஒன்றியத்தின் அடிப்படை உரிமைகள் சாசனத்தைக் கையாளும்போதும் இதே எச்சரிக்கை தேவை: உறுப்பு நாடுகள் ஒன்றியச் சட்டத்தைச் செயல்படுத்தும்போது மட்டுமே அது அவற்றைக் கட்டுப்படுத்தும் என்று 51ஆம் பிரிவு சொல்கிறது, நம் அடிப்படை உரிமைகளைப்போல எல்லா அரசுச் செயலுக்கும் எதிராக நீட்ட முடியாது.

பொருட்களின் தடையற்ற இயக்கத்தில், 1993இன் கெக் தீர்ப்பைப் பாதியாக எழுதுவோர் மிகுதி. விற்பனை முறை பற்றிய விதி என்றால், உறுப்பு நாடுகளிடையே இறக்குமதித் தடைகளை விலக்கும் 34ஆம் பிரிவுக்கு வெளியே என்று முடித்துவிடுகிறார்கள். உள்நாட்டுப் பொருளையும் வெளிநாட்டுப் பொருளையும் சட்டத்திலும் நடைமுறையிலும் அது ஒரே அளவில் பாதிக்க வேண்டும் என்ற நிபந்தனையே தீர்ப்பின் கனமான பகுதி. மது விளம்பரத்தைத் தடுத்த சுவீடன் விதி எல்லோருக்கும் பொதுவானதே. ஆயினும் மக்களுக்குப் பழகிய உள்நாட்டு மதுவைவிட புதிதாக நுழையும் வெளிநாட்டு மதுவையே அது அதிகம் பாதிக்கும் என்று 2001இல் நீதிமன்றம் கண்டது.

தீர்ப்பின் முடிவை மட்டும் படிப்பது

அட்வகேட் ஜெனரல் என்றால் சென்னையில் தமிழக அரசுக்காக வாதாடுபவர். லக்ஸம்பர்க்கில் அவர் எந்தத் தரப்பையும் சாராத, நீதிமன்றத்தின் உறுப்பினர். தீர்ப்புக்கு முன் தம் கருத்தை எழுதித் தருவார். அது நீதிபதிகளைக் கட்டுப்படுத்தாது. ஒன்றிய நீதிமன்றம் மாறுபட்ட தீர்ப்புகளை வெளியிடுவதில்லை என்பதால், எதிர்வாதத்தை அறிய அவருடைய கருத்துரையே சிறந்த இடம். ஆயினும் அதைத் தீர்ப்பாக மேற்கோள் காட்டக் கூடாது.

தமிழர் பலரும் செய்தியாகப் படித்த ஒரு வழக்கே இதற்கு எடுத்துக்காட்டு. விடுதலைப் புலிகள் அமைப்பை 2006இல் ஒன்றியம் தடைப்பட்டியலில் சேர்த்தது. பட்டியலில் தொடர்ந்து வைத்திருந்த கவுன்சிலின் சட்டங்களை 2014 அக்டோபர் 16 அன்று பொது நீதிமன்றம் எனப்படும் முதல் நிலை நீதிமன்றம் நீக்கியது. தடை நீங்கிவிட்டது என்று அப்போதே பேசியவர்கள் உண்டு. ஆனால் தீர்ப்பு, அமைப்பின் தன்மை குறித்து எந்த முடிவும் சொல்லவில்லை; கவுன்சில் தன் முடிவுக்குக் காட்டிய அடிப்படை போதாது என்பதே அதன் சாரம்; விளைவுகளையும் அது உடனே நிறுத்தவில்லை. கவுன்சில் மேல்முறையீடு செய்தது. வழக்கு எண்ணின் இறுதியில் 'பி' என்ற எழுத்து வருவது இத்தகைய உண்மையான மேல்முறையீட்டில்தான்.

2016 செப்டம்பரில் அட்வகேட் ஜெனரல் ஷார்ப்ஸ்டன், இவ்வழக்கிலும் ஹமாஸ் வழக்கிலும் கவுன்சிலின் மேல்முறையீடுகளைத் தள்ளுபடி செய்யலாம் என்று கருத்துரைத்தார். 2017 ஜூலை 26 அன்று நீதிமன்றம் இவ்வழக்கில் தள்ளுபடி செய்தது. அதே நாளில் ஹமாஸ் வழக்கிலோ கீழ் நீதிமன்றத் தீர்ப்பை ரத்து செய்து திருப்பி அனுப்பியது. புலிகள் வழக்கிலும் கீழ் நீதிமன்றத்தின் காரணங்கள் அப்படியே ஏற்கப்படவில்லை. ஒருவரைப் பட்டியலில் நீட்டிக்கும்போது நாட்டு அதிகாரிகளின் முடிவுகளை மட்டுமே கவுன்சில் நம்ப வேண்டும் என்று கீழ் நீதிமன்றம் சொன்னது பிழை என்றது. ஆனால் 2009இன் இராணுவத் தோல்விக்குப் பிறகும் ஆபத்து தொடர்கிறது என்பதற்குக் கவுன்சில் போதிய காரணம் காட்டவில்லை என்பதால் முடிவை மட்டும் நிலைநிறுத்தியது. நீக்கப்பட்டவை வழக்கில் எதிர்க்கப்பட்ட சட்டங்கள் மட்டுமே; அவற்றுக்குப் பின் கவுன்சில் இயற்றிய புதிய சட்டங்களால் பெயர் பட்டியலில் தொடர்ந்தது. வெற்றி தோல்வி என்ற இரு சொற்களில் இதைப் படித்தவருக்கு வழக்கின் சட்டம் எதுவுமே கிடைத்திருக்காது.

பழைய எண்களும் பழைய நூல்களும்

உடன்படிக்கைகளின் பிரிவு எண்கள் இருமுறை மாறியுள்ளன. மேலே சொன்ன 267ஆம் பிரிவு, ரோம் உடன்படிக்கையில் 177. ஆம்ஸ்டர்டாம் உடன்படிக்கைக்குப் பின் 234. சம ஊதியம் பற்றிய 119, பிறகு 141 ஆகி, இப்போது 157. பழைய தீர்ப்பில் கண்ட எண்ணை அப்படியே இன்றைய விடையில் எழுதினால் முற்றிலும் வேறொரு விதியைக் குறிப்பிட்டவராவீர்கள். ஆகவே எண்களுக்கு ஓர் அட்டவணை எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

நமக்கு எளிதில் கிடைக்கும் ஆங்கில நூல்களில் பெரும்பாலானவை பிரிட்டனில் எழுதப்பட்டவை. பிரிட்டன் 2020 ஜனவரி 31 அன்று ஒன்றியத்தை விட்டு விலகியது. ஆகவே அதற்கு முந்தைய பதிப்புகளில் பிரிட்டிஷ் நீதிமன்றங்கள் ஒன்றியச் சட்டத்தை எவ்வாறு பொருத்தின என்ற அத்தியாயங்கள் இன்று வரலாறு மட்டுமே. மார்ஷல் போன்ற வழக்குகள் அங்கே தோன்றியிருந்தாலும், லக்ஸம்பர்க்கின் விடை எஞ்சிய 27 நாடுகளையும் இன்றும் கட்டுப்படுத்துகிறது. சட்ட வாசகத்தை ஒன்றியத்தின் யூர்லெக்ஸ் தளத்தில் பார்க்கும்போது, திருத்தங்களைச் சேர்த்துத் தொகுத்த வடிவம் படிப்பதற்கு வசதியானது என்றாலும், அதிகாரபூர்வமானது அரசிதழில் வெளியான வாசகமே என்பதையும் கவனத்தில் கொள்ள வேண்டும்.