இந்தி ஒலியில் ஈயின் பழிவாங்கலைப் பார்க்கும் முறை

எஸ்.எஸ். ராஜமௌலி தெலுங்கில் எடுத்த ‘ஈகா’, தமிழில் ‘நான் ஈ’, 2012ஆம் ஆண்டிலேயே ‘மக்கி’ என்னும் பெயரில் இந்தி பேசியது. தமிழ் வடிவம் மொழிமாற்றமாக அன்றி, தெலுங்குடன் ஒரே சமயத்தில் படமாக்கப்பட்டது என்பதால், மொழிமாற்றத்தின் ஈர்ப்பை அறிய இந்தி வடிவத்தையே எடுத்துக்கொள்ளுங்கள்.

தொடக்கக் காதல் காட்சிகளில் உதட்டசைவுக்கும் குரலுக்கும் இடையிலான விலகல் உறுத்தலாம். அவற்றைப் பொறுமையாகக் கடந்துவிடுங்கள். நானி கொல்லப்பட்டு ஈயாகப் பிறந்த பிறகு நாயகனுக்கு வசனமே இல்லாததால், அவன் பக்கத்தில் மொழிமாற்ற வேண்டியது எதுவுமில்லை. ஆகவே, ஒலியைக் கூட்டி, சிறகின் ரீங்காரம் அருகில் வருவதையும் விலகுவதையும் செவியால் பின்தொடருங்கள். கோபமும் ஏளனமும் அதில்தான் இருக்கின்றன.

அடுத்து, கண்ணை வில்லனாக வரும் சுதீப்பின் மீது வையுங்கள். கண்ணுக்கெதிரே இல்லாத, பின்னர் கணினியில் சேர்க்கப்பட்ட எதிரியிடம் உறக்கமிழந்து சிதையும் அவரது உடல்மொழிக்கு (எனக்கு இப்படத்தின் உண்மையான நாயகன் அவரே) எந்த மொழியும் தடையல்ல. மிகச்சிறிய கலைப்பொருட்களைச் செய்யும் கலைஞராக வரும் சமந்தா ஈக்குச் சிறு ஆயுதங்கள் செய்துதரும் இடத்தில் மட்டும் தர்க்கம் கேட்காதீர்கள்.