கண்ணுல கருப்பா தெரியறது எல்லாமே ஒண்ணு இல்லீங்க

கண்ணு நடுவுல கருப்பா தெரியறது பூராவும் ஒரே பொருள்னு நெனைக்கறோம் பாருங்க, அதான் மொத தப்பு, மத்ததெல்லாம் அதுல இருந்துதான் வருது. முன்னாடி நெறமே இல்லாம தெளிவா இருக்கறது கார்னியா, அதுக்குப் பின்னாடி கொஞ்சம் தண்ணி, அப்புறம்தான் கலரா தெரியற ஐரிஸ், குறுக்கால சுமார் 12 மில்லிமீட்டர். அதுக்கு நடுவுல இருக்கற கண் பாப்பா வெறும் ஓட்டைதான்.

பெரியவங்களுக்கு ஓரமா வெள்ளை வளையம் வந்தா ஐரிஸ் வெளுத்துப்போச்சுன்னு பயப்படாதீங்க, அது கார்னியா ஓரத்துல படியற கொழுப்பு. ஆனா 40 வயசுக்குள்ளயே வந்தா கொலஸ்ட்ரால் டெஸ்ட் எடுத்துடுங்க. புரை வர்றது ஐரிசுக்குப் பின்னாடி இருக்கற லென்ஸ்ல. ஆதார்ல எடுக்கறதும் ரெட்டினா (கண்ணுக்குள்ள பின்பக்கம் இருக்கற திரை) இல்ல, ஐரிஸ்ல இருக்கற கோடு குழியோட படம்தான். கண் தானத்துல வெக்கறது கார்னியாவத்தான், அதனால வாங்கினவங்களுக்கு கொடுத்தவங்க கண்ணு கலர் வராது (இத கேக்காத ஆளே இல்ல).

ஐரிஸ்ல ரெண்டு தசை. பாப்பாவ சுத்தி வளையமா இருக்கறது சுருக்கும், ஆரக்கால் மாதிரி நீட்டா இருக்கறது விரிக்கும், ரெண்டுக்கும் வேற வேற நரம்பு. கண்ணு டெஸ்டுக்கு பாப்பாவ விரிக்கற ட்ராபிகமைட் சொட்டு விட்டா சுருக்கற தசை வேலை நிறுத்திடும், கிட்டப் பார்வைக்கு ஃபோகஸ் பண்ற தசையும் சேந்து மந்தமாயிடும், வெளிச்சம் கூசும். 4-6 மணி நேரம் அப்படித்தான் இருக்கும், அந்தக் கண்ண வெச்சுக்கிட்டு தர்மபுரில இருந்து தொப்பூர் கணவாய்ல பைக்ல எறங்கறவங்கள என்னன்னு சொல்றது.

பெரிய தப்பு நடக்கறது அடிபட்டாதான். கிருஷ்ணகிரி பக்கம் மாங்கா சீசன்ல பசங்க கல்லு விடுவாங்க, குறி தப்பி கண்ணுல பட்டுடும். ஐரிஸ் ரொம்ப மெலிசா இருக்கறதே அதோட வேர்லதான் (வெளி ஓரத்துல கண்ணோட ஒட்டியிருக்கற எடம்), அடி பலமா விழுந்தா அங்கயே பிஞ்சுடும், உருண்டையா இருந்த பாப்பா ஒரு பக்கம் தட்டையாயிடும், ஐரிசுக்கு முன்னாடி ரத்தம் தேங்கி நிக்கும். அப்போ கசக்கறது, தாய்ப்பால் விடறது, காலைல பாத்துக்கலாம்னு படுக்கறது எதுவும் வேணாம், ஆஸ்பிரினும் குடுக்காதீங்க, ரத்தக் கசிவு திரும்ப வரலாம். கண்ண அழுத்தாம, தலைய உசத்தி உக்கார வெச்சு உடனே கண் டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போங்க. ஆறினப்புறமும் பல வருஷம் கழிச்சு கண்ணுல பிரஷர் ஏறலாம், அதனால டாக்டர் வருஷா வருஷம் செக் பண்ண வரச் சொல்வாங்க, வலியே இல்லையேன்னு அத விட்டுடாதீங்க.