வைகைக் கரையிலிருந்து யூகான் ஆற்றின் ஓராண்டை வரைவது எப்படி?

துருவத்தை ஒட்டிய குளிர்நாட்டு ஆறு ஒன்றின் நீரோட்டத்தை மதுரையில் இருந்தபடியே புரிந்துகொள்ள ஓர் அட்லஸும், ஒரு கிராஃப் தாளும், வைகையைப் பார்த்துப் பழகிய கண்ணும் போதும். கனடாவிலும் அலாஸ்காவிலும் ஓடும் யூகானை எடுத்துக்கொள்வோம்.

முதலில் ஆற்றின் போக்கைப் பென்சிலால் தொடருங்கள். பிரிட்டிஷ் கொலம்பியாவின் மலை ஏரிகளில் புறப்பட்டு, வடமேற்காக ஏறி, ஃபோர்ட் யூகான் என்னும் ஊரருகே ஆர்க்டிக் வட்டத்தை எட்டியபின் தென்மேற்காகத் திரும்பி, ஏறத்தாழ 3,200 கிலோமீட்டர் ஓடிப் பேரிங் கடலில் கலக்கிறது. யூகானை 30 சென்டிமீட்டர் கோடாக வரைந்தால், 258 கிலோமீட்டர் நீளமுள்ள வைகை இரண்டரை சென்டிமீட்டருக்குள் அடங்கிவிடும்.

அடுத்து, கிராஃப் தாளின் செங்குத்துக் கோட்டில் நீரோட்டத்தை, அதாவது விநாடிக்கு ஓடும் நீரின் அளவைக் குறியுங்கள்; கிடைக்கோட்டில் மாதங்களைக் குறிக்கும்போது அக்டோபரில் தொடங்குங்கள். அமெரிக்க நீரியலாளர்களின் நீராண்டு, அதாவது ஆற்றுநீரைக் கணக்கிடும் ஆண்டு, அக்டோபர் 1-இல்தான் பிறக்கிறது. வடகிழக்குப் பருவமழைக்குக் காத்திருக்கும் நமக்கும் அதுவே வசதி. ஆனால் நம் ஆற்றில் வரத்து தொடங்கும் அந்த மாதத்தில் அங்கே உறைதல் தொடங்குகிறது. அதன்பின் பொழிவதெல்லாம் பனியாக நிலத்திலேயே தங்கிவிடுவதால், பனிக்கட்டிக்கு அடியில் பெரும்பாலும் நிலத்தடி ஊற்றுநீரே ஓடுகிறது. ஆகவே உங்கள் கோடு மெல்லச் சரிந்து மார்ச், ஏப்ரலில் அடிமட்டத்தைத் தொட வேண்டும். வைகைக்கு 1959-இல் அணை கட்டினார்கள்; யூகானுக்குக் குளிர்காலமே பேரணை.

இங்கேதான் பலரும் தவறுகிறார்கள். நீர்மட்டம் வேறு, நீரோட்டம் வேறு. யானைக்கல் தரைப்பாலத்தின் கண்களில் ஆகாயத்தாமரை அடைத்துக்கொண்டால், மேலிருந்து ஒரு கன அடிகூடக் கூடுதலாக வராமலே பாலத்துக்கு மேற்கே தண்ணீர் ஏறி நிற்கும். ஆறு உறையும்போதும் பனிக்கட்டி அவ்வாறே மறிப்பதால், ஓட்டம் குறைந்துகொண்டிருக்கையிலேயே மட்டம் உயரக்கூடும். அளவுகோல் காட்டும் உயரத்தை மட்டும் நம்பி அக்டோபர், நவம்பரில் கோட்டை ஏற்றிவிடாதீர்கள்.

மே மாதத்தில் கோடு செங்குத்தாக எழ வேண்டும். ஆறு மாதப் பனி சில வாரங்களில் உருகுகிறது. நிலத்தின் பெரும்பகுதி அடியில் நிரந்தரமாக உறைந்திருப்பதால் உருகிய நீர் ஊறிப் போக வழியின்றி ஆற்றுக்கே ஓடிவருகிறது. யூகானின் துணையாறான டனானாவின் கரையிலுள்ள நெனானா என்னும் ஊரில், பனிக்கட்டியின் மேல் ஒரு மரச்சட்டத்தை நட்டு, அதைக் கரையிலுள்ள கடிகாரத்துடன் கயிற்றால் இணைத்துவிடுகிறார்கள்; கட்டி நகர்ந்து கயிறு இழுபட்டதும் கடிகாரம் நின்றுவிடும். அந்த நொடியைக் கணிக்கும் பந்தயம் 1917 முதல் நடக்கிறது. 2019-இல் ஏப்ரல் 14-ஆம் நாளே உடைந்த பனி, 2013-இல் மே 20 வரை தாக்குப்பிடித்தது. எனவே உங்கள் எழுச்சியைத் தனிக்கோடாக இல்லாமல் ஐந்து வார அகலமுள்ள பட்டையாகத் தீட்டுங்கள்.

உடைந்த கட்டிகள் வளைவுகளிலும் தீவுகளிலும் சிக்கி அணைபோலக் குவிந்தால், வெள்ளம் ஊருக்குள் புகும். 2013 மே மாதத்தில் கலீனா என்னும் ஊர் அப்படித்தான் மூழ்கியது. தெற்கிலிருந்து வடக்கே ஓடும் சைபீரியாவின் லீனா ஆற்றில் இந்த ஆபத்து இன்னும் அதிகம்: மேற்பகுதி முதலில் உருகிவர, கீழ்ப்பகுதி கட்டியாகவே மறித்து நிற்கும்.

ஜூனில் உச்சத்தை வைத்தபின், கோட்டைச் சட்டென்று இறக்காதீர்கள். ஜூலை, ஆகஸ்டில் பனியாறுகள் உருகி, டனானா வழியாகச் சாம்பல் நிற வண்டலோடு வரும் நீரும் கோடை மழையும் ஓட்டத்தைத் தாங்கிப் பிடிக்கின்றன. செப்டம்பரில்தான் தெளிவான சரிவு.

இறுதியாக, அதே தாளில் வைகையை வேறு நிறத்தில் வரையுங்கள்; செங்குத்து அளவுகோல் மட்டும் தனியாக இருக்கட்டும். யூகானின் முகத்துவாரம் அருகே ஆண்டுச் சராசரி விநாடிக்கு ஏறத்தாழ 6,400 கன மீட்டர், அதாவது இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட கன அடி. ஒரே அளவுகோலில் வைகை கண்ணுக்கே தெரியாது. அழகர் இறங்குவதற்காக அணையைத் திறக்கும் சித்திரையில் வைகைக்கு ஒரு சின்ன மேடு வையுங்கள். அது யூகானின் பனி உடையும் பட்டைக்குள்ளேயே விழும்.