ஏரிக்கரை ஊரின் வரலாற்றை எழுத வேண்டுமா? மதகிலிருந்து தொடங்குங்கள்

கிருஷ்ணகிரி மாவட்டம் போச்சம்பள்ளிப் பக்கம், ஏரிக்கரையை ஒட்டிய ஒரு சிற்றூருக்கு மருமகளாக வந்தவள் நான். பள்ளியில் பாடம் நடத்தி ஓய்வு பெற்றபின், நான்கு ஆண்டுகள் அலைந்து அந்த ஊரின் வரலாற்றை எழுதி முடித்தேன். தங்கள் ஊருக்கும் எழுத விரும்புகிறவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, "அதியமானிலிருந்து தொடங்கலாமா?" என்பதுதான். வேண்டாம் என்பேன். தகடூரை, அதாவது இன்றைய தருமபுரியை, ஆண்ட சங்ககால அதியமான் நெடுமான் அஞ்சி தருமபுரி, கிருஷ்ணகிரி இரு மாவட்டங்களுக்கும் பெருமை. ஆனால் உங்கள் ஊரில் வீடுகள் எழுந்தது ஏரித் தண்ணீரை நம்பி. அதனால் மதகிலிருந்து தொடங்குங்கள்.

ஒரு நோட்டை எடுத்துக்கொண்டு கரையின் இந்த முனையிலிருந்து கோடி வரை, அதாவது நிரம்பிய ஏரியின் மிகுநீர் வழியும் இடம் வரை, நடந்து போங்கள். எத்தனை மதகுகள், பழைய கருங்கல் மதகு எது, பிறகு சிமெண்ட் பூசியது எது, எந்த ஓடையில் நீர் வருகிறது, கோடி போனால் அடுத்து எந்த ஏரிக்குப் போகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். பாரூர் ஏரிக்குத் தென்பெண்ணையின் குறுக்கே உள்ள நெடுங்கல் அணைக்கட்டிலிருந்து நீர் வருகிறது. உங்கள் ஏரிக்கு எங்கிருந்து வருகிறது என்று தெரிந்துவிட்டால், எந்த ஊரோடு உறவு, எந்த ஊரோடு வழக்கு என்பதும் பாதி விளங்கிவிடும்.

அடுத்தது பெரியவர்கள். "ஊர் வரலாறு சொல்லுங்கள்" என்று கேட்டால், "எனக்கு என்னம்மா தெரியும்" என்று எழுந்து போய்விடுவார்கள். நான் நீர்க்கட்டியாக, அதாவது வயல்களுக்கு முறைவைத்துத் தண்ணீர் பாய்ச்சுபவராக, இருந்தவரின் மகனிடம் போனேன். எண்பதைத் தாண்டியவர். "கடைசி வயலுக்குத் தண்ணீர் போய்ச் சேர எத்தனை நாள் ஆகும் ஐயா?" என்று மட்டும் கேட்டேன். பதில் சொல்லாமல் ஒரு குச்சியை எடுத்தார். வாசல் மண்ணில் வாய்க்கால்களைக் கீறினார். மடை இருக்கும் இடத்தில் எல்லாம் ஒரு புளியங்கொட்டை வைத்தார். ஒரு கொட்டையை மட்டும் எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு, "இந்த மடையில்தான் டீச்சரம்மா, என் அப்பா லாந்தர் விளக்கோடு இரவெல்லாம் படுத்திருப்பார். அசந்தால் அடைத்துவிடுவார்கள்" என்றார். அந்த அப்பாவுக்குக் கூலி, அறுவடையில் வயலுக்கு ஓர் அரி, அதாவது ஒரு கைப்பிடிக் கதிர். அந்த ஒரு மணி நேரத்தில் எனக்குப் பதினொரு பக்கம் கிடைத்தது.

அவர் குடும்பத்தின் பெயர் நான் பார்த்த எந்தப் பதிவேட்டிலும் இல்லை. ஆகவே ஊர்த்தெருவில் மட்டும் கேட்டுவிட்டு வந்துவிடாதீர்கள். காலனிக்குப் போங்கள், மீன் பிடிக்கிறவர்களிடம் போங்கள், களையெடுத்த பெண்களிடம் உட்காருங்கள். நிலம் வைத்திருந்தவர்கள் மட்டும் பேசும் வரலாறு பாதி வரலாறுதான்.

பெரியவர்கள் தமிழ் வருடத்தின் பெயரால்தான் காலத்தைச் சொல்வார்கள். அறுபது ஆண்டுகளுக்கு ஒருமுறை அதே பெயர் திரும்ப வரும். விசுவாவசு என்றால் 1905, 1965, 2025. தாது என்றால் 1876, 1936, 1996. தாது வருடப் பஞ்சம் என்றால் 1876 முதல் 1878 வரை வாட்டிய பெரும் பஞ்சம். வருடம் சித்திரையில் பிறப்பதால் விசுவாவசு தை மாதம் 1966 ஜனவரியில் வரும் என்பதை மறந்துவிடாதீர்கள். நான் இரண்டு இடத்தில் தவறி, பிறகு திருத்தினேன். வருடப் பெயரும் நினைவில்லை என்றால், "தருமபுரி தனி மாவட்டம் ஆவதற்கு முன்பா, பின்பா?" என்று கேளுங்கள். அது 1965 அக்டோபர் 2. கிருஷ்ணகிரி பிரிந்தது 2004-இல்.

பதிவேடுகளில் முதலில் பார்க்க வேண்டியது ஊர் நிலங்களின் விவரம் அடங்கிய 'அ' பதிவேடும், நிலத்தின் அளவு வரைபடமான புலப்படமும். ஏரியின் புல எண், பரப்பு, எந்த வயல் நன்செய், எந்தக் கொல்லை புன்செய் என்று அதில் இருக்கும். பழைய பரப்பையும் இன்றைய பரப்பையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதுங்கள். ஊர்க் கணக்கு எழுதிய கர்ணம், ஊர்த் தலைவரான மணியக்காரர் ஆகிய பதவிகள் 1980-இல் ஒழிக்கப்பட்டன. அந்த வீடுகளின் பரணில் பழைய கணக்குகள் இருக்கின்றனவா என்று பணிவாகக் கேளுங்கள். இன்னும் பின்னால் போக விரும்பினால் சென்னை எழும்பூர் ஆவணக் காப்பகம். அன்று பாராமகால் என்று அழைக்கப்பட்ட நம் பகுதி திப்பு சுல்தானிடமிருந்து 1792-இல் கிழக்கிந்தியக் கும்பினியார் கைக்குப் போனதும், அலெக்சாண்டர் ரீடும் தாமஸ் மன்றோவும் இங்கே நிலத்தை அளந்து வரி விதித்தார்கள். அந்தக் காலக் கடிதங்கள் பாராமகால் ஆவணங்களாக அச்சாகியிருக்கின்றன.

ஊர்ப்பெயரை வைத்துக் கதை கட்ட வேண்டாம். நம் பக்கத்துப் பல ஊர்ப்பெயர்களின் முடிவில் வரும் 'ஹள்ளி' என்பது கன்னடத்தில் ஊர், அவ்வளவுதான்.

வேடியப்பன் கோயிலை மட்டும் விட்டுவிடாதீர்கள். நம் பக்கத்தில் வேடியப்பன் என்று கும்பிடுகிற கல் பல ஊர்களில் நடுகல்தான். ஆநிரை மீட்கப் போரிட்டு இறந்த வீரனின் கல்லாக இருக்கலாம். பூசாரியிடம் அனுமதி கேட்டு, காலை வெயில் பக்கவாட்டில் விழும்போது படம் எடுங்கள். வெயில் படாத இடமென்றால் ஒரு முகக்கண்ணாடியால் ஒளியைச் சாய்வாகக் காட்டினால் போதும், எழுத்து எழுந்து நிற்கும். சாக்பீஸ் தேய்க்காதீர்கள், ஆணியால் சுரண்டாதீர்கள். பழைய தமிழ் எழுத்து வடிவமான வட்டெழுத்துப் போலத் தெரிந்தால் தொல்லியல் துறைக்குத் தெரிவியுங்கள். எங்கள் கல்லை அடுத்த வாரம் படமெடுக்கலாம் என்று நான் தள்ளிப்போட்டேன். அதற்குள் திருவிழாவுக்காக யாரோ பக்தியோடு பச்சை எனாமல் பெயிண்ட் அடித்துவிட்டார்கள். மூன்று வரி எழுத்து அதன் அடியில் கிடக்கிறது. இன்றும் அந்தப் பக்கம் போகும்போது எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

எழுதி முடித்ததும் உடனே அச்சுக்குக் கொடுக்காதீர்கள். நகல் எடுத்து, ஏரிக்கரை அரசமரத்தடியில் ஒரு மாலை உரக்கப் படியுங்கள். நான் படித்தபோது, கரை உடைந்தது ஐப்பசியில் என்ற வரியில் ஒரு பாட்டி கையை உயர்த்தினார். "இல்லை கண்ணு, கார்த்திகை. தீபத்துக்கு வாங்கி வைத்த எண்ணெயை ஊற்றித்தான் அன்றிரவு பந்தம் கொளுத்தினோம்" என்றார். அடித்துத் திருத்திவிட்டு, எண்ணெயையும் சேர்த்து எழுதினேன்.