மோதல்களால் அகலும் நிறமாலைக் கோடு: பைத்தானில் வரைந்து பார்ப்போம்

பைத்தான், அதன் கணிதத் தொகுப்புகளான நம்பை (NumPy), சைபை (SciPy) மூன்றும் கணினியில் இருக்கும் என்று வைத்துக்கொள்கிறேன். எக்செல் வேண்டாம், இந்த வேலைக்கு அது வீண் பாடு.

படி 1: வாயு மூலக்கூறுகளின் நிறமாலைக் கோடுகளைத் தொகுத்துவைத்திருக்கும் ஹைட்ரான் (HITRAN) தரவுத்தளத்திலிருந்து கார்பன் டை ஆக்சைடின் ஒரு கோட்டை எடுங்கள், 6350 செ.மீ⁻¹ (அலை எண்) பக்கத்தில். கோட்டின் இடம், கோட்டின் செறிவு (intensity), காற்று மோதலால் வரும் அகலம் ஆகியவை போதும். அகலம் ஏறத்தாழ 0.07 செ.மீ⁻¹ (296 கெல்வின், 1 வளிமண்டல அழுத்தம்).

படி 2: டாப்ளர் அகலம். மூலக்கூறுகள் வெவ்வேறு வேகத்தில் ஓடுவதால் வருவது, அழுத்தத்தைச் சாராது. வெப்பநிலையை மூலக்கூறு எடையால் (44) வகுத்து, வர்க்கமூலம் எடுத்து, 3.58×10⁻⁷ஆலும் கோட்டின் இடத்தாலும் பெருக்குங்கள். சுமார் 0.0059 செ.மீ⁻¹ வரும்.

படி 3: மோதல் அகலத்தை அழுத்தத்தால் பெருக்குங்கள். மோதல் ஒவ்வொன்றும் மூலக்கூறின் அலைவைக் குலைக்கிறது. அழுத்தம் கூடினால் இரு மோதல்களுக்கு இடைப்பட்ட நேரம் குறையும், கோடு அகலும்.

படி 4: டாப்ளர், மோதல் இரண்டையும் சேர்ப்பது வாய்ட் (Voigt) வடிவம். பலரும் தடுக்கி விழும் இடம் இதுதான், நிதானமாகப் படியுங்கள். ஹைட்ரான் தருவது பாதி உயரத்தில் அரை அகலம் (மையத்திலிருந்து ஒரு பக்கம் மட்டும்), முழு அகலம் அல்ல. சைபையின் வாய்ட் சார்பும் மோதலுக்கு அதே அரை அகலத்தைத்தான் கேட்கும், அப்படியே கொடுக்கலாம். டாப்ளருக்கோ திட்டவிலக்கம் கேட்கும். படி 2இல் வந்ததும் அரை அகலம்தான், ஆகவே 0.0059ஐ 1.177ஆல் வகுத்து 0.0050 என்று கொடுக்க வேண்டும். இதை விட்டுவிட்டால் 1 வளிமண்டலத்தில் தவறு கண்ணில் படாது, அங்கே மோதல்தான் ஆட்சி. அழுத்தத்தை 0.08க்கு இறக்கிப் பாருங்கள். இரு அகலங்களும் சமமாகும் அந்த இடத்தில் குட்டு வெளிப்பட்டுவிடும்.

படி 5: வரையுங்கள். சிறகுகளை, அதாவது மையத்தின் இருபுறமும் நீளும் ஓரங்களை, கஞ்சத்தனமாக வெட்டாதீர்கள். மையத்திலிருந்து அரை அகலத்தைப் போல் பத்து மடங்கு தூரத்தில் நிறுத்தினாலும் கோட்டின் அடியிலுள்ள பரப்பில் 6 சதவீதம் போய்விடும்.

பிற்சேர்க்கை: "அழுத்தத்தை 1லிருந்து 2 ஆக்கினேன், உச்சம் உயரவே இல்லையே, நிரலில் பிழையா?" என்று பின்னூட்டத்தில் கேட்டிருந்தார்கள். பிழை இல்லை. கலவை விகிதம் மாறாதபோது மூலக்கூறுகள் இரட்டிப்பாகும், அகலமும் இரட்டிப்பாகும். உச்சம் அங்கேயே நிற்கும், சிறகுகள்தான் உயரும்.

இன்னொருவரின் அளவீட்டில் கோடு வாய்ட்டைவிடச் சற்று ஒடுங்கியிருந்ததாம். அதுவும் மோதலின் வேலையாக இருக்கலாம்: அடிக்கடி மோதி வேகம் மாறிக்கொண்டே இருந்தால் டாப்ளர் விரிவு குறையும். இயற்பியலாளர் டிக்கி 1953இல் விளக்கியது இதைத்தான். அதற்கு வாய்ட் போதாது. இந்த ஒடுக்கத்தையும் கணக்கில் எடுக்கும் கலாட்ரி (Galatry) வடிவத்தை முயலுங்கள்.