பாதாளம் வேறு, நரகம் வேறு

பாவம் செய்தவன் பாதாளத்துக்குப் போவான் என்று கதாகாலட்சேபத்திலும் சிறுவர் கதைகளிலும் சொல்லிவிடுகிறார்கள். பாதாளம் என்ற சொல்லுக்கு நேரும் பெரிய அநியாயம் இதுதான். புராணங்களில் பாவிகளைத் தண்டிக்கும் இடம் நரகம். அது யமனின் ஆட்சி. பாகவதம் 28 நரகங்களைப் பெயர் சொல்லி விவரிக்கிறது. பாதாளமோ நாகர்கள் குடியிருக்கும் நாடு. வெயில் எட்டாத அங்கே நாகங்களின் படத்தில் உள்ள மணிகளே வெளிச்சம் தருகின்றன. விஷ்ணு புராணத்தில், பாதாள உலகங்களைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்த நாரதர், அவை சொர்க்கத்தைவிட இனியவை என்று தேவர்களிடமே சொல்கிறார்!

மகாபலியைப் பாதாளத்தில் அழுத்தினார்கள் என்று பொதுவாகச் சொல்வதிலும் பிசகு உண்டு. பாகவதத்தின்படி அவன் போனது சுதலம் என்னும் வேறொரு கீழுலகம். அங்கே அவனுக்கு வாயில் காப்பவர் திருமால். இதைத் தண்டனை என்று எப்படிச் சொல்வது?

எழுதும்போது நேரும் தவறு இன்னொன்று. விலை சரிந்தால் "அதள பாதாளம்" என்று தலைப்பிடுகிறார்கள். "அதல பாதாளம்" என்பதே சரி. அதலம், விதலம், சுதலம், தலாதலம், மகாதலம், ரசாதலம், பாதாளம் என்று கீழுலகங்கள் ஏழு. முதலாவதற்கு ல, கடைசிக்கு ள. பின்னால் வரும் ளகரம் முன்னாலும் ஒட்டிக்கொள்வதால் வந்த பிழை இது.

பாதாளத்தைப் பாதம் + தளம் என்று பிரித்துப் பொருள் சொல்பவர்களும் இருக்கிறார்கள். கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் பொருந்தாது. தமிழில் பாதம், பாதாளம் இரண்டுக்கும் தகரம் ஒன்றே என்பதால்தான் இந்த மயக்கம். வடமொழியில் பாதம் என்பதன் தகரம் மெல்ல ஒலிக்கும் வேறு எழுத்து. பாதாளத்தின் தகரம் வல்லொலி. விழுதல் என்று பொருள்படும் 'பத்' என்னும் வேரிலிருந்து இச்சொல்லை வருவிப்பது வடமொழி இலக்கண மரபு.

நரகாசுரனை நரகத்தின் அரசன் என்று எண்ணுவதும் தவறு. அவன் ஆண்டது பிராக்ஜோதிஷம், இன்றைய அசாம் பகுதி.

இலங்கைத் தமிழ் நாளிதழ்களில் "பாதாள உலகக் குழு" என்றால் குற்றக் கும்பல். தமிழ்நாட்டில் அதையே நிழல் உலகம் என்பார்கள். செய்திக்கு அந்த வழக்கு சரியே. அதே பொருளோடு புராணத்துக்குள் நுழைந்தால், நாக அரசன் வாசுகியின் நாடு குற்றவாளிகளின் கூடாரமாகத் தெரியும்.